‘விசை’ 14 முறை வந்தால் குற்றமா? அறிவியல் எழுத்தில் எந்தச் சொல்லை மாற்றலாம், எதைத் தொடக் கூடாது?

கேட்பவர்: தேனிக்காரி

எல்லோருக்கும் வணக்கம். ஆறு வருடமாக வீட்டு மாடியில் டியூஷன் எடுக்கிறேன். ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகள் இயற்பியலில் தடுமாறும் இடங்களை ஒரு நோட்டில் குறித்து வைத்திருந்தேன். அதை வைத்து ஒரு துணைக் கையேடு எழுதியிருக்கிறேன். ஒரு சிறிய பதிப்பகம் போட ஒப்புக்கொண்டது.

இரண்டு விஷயம் சொன்னார்கள். பாடநூல் வாக்கியம் அப்படியே வரக் கூடாது, சொற்களை மாற்றி எழுத வேண்டும். அப்புறம், ஒரே சொல் அடுத்தடுத்து வந்து அலுப்புத் தட்டக் கூடாது. இரண்டுக்கும் சரி என்றுதான் சொன்னேன்.

போன வாரம் மெய்ப்பு, அதாவது அச்சுக்கு முன் பிழை பார்க்கும் படி, வந்தது. அதைப் பார்த்த ஐயா தமிழ் இலக்கியம் படித்த பெரியவர். ஒரு வரி விடாமல் படித்திருக்கிறார், அந்த அக்கறைக்கு நான் கடமைப்பட்டிருக்கிறேன். ஆனால் சிவப்பு மையைப் பார்த்ததும் வயிற்றைக் கலக்கிவிட்டது. ‘விசை’ என்ற சொல் ஒன்றரைப் பக்கத்தில் 14 முறை வருவதாக எண்ணி, ஓரத்தில் ‘கூறியது கூறல் குற்றம்’ என்று எழுதியிருக்கிறார். அதில் எட்டு இடங்களை அவரே திருத்திவிட்டார். ஒரு வரியில் சக்தி, அடுத்த வரியில் வலிமை, அதற்கடுத்து ஆற்றல், கடைசியில் பலம்.

அதைவிடக் கஷ்டமாக இருந்தது இது. நான் எழுதியிருந்தது:

“ஒரு மாணவி 400 மீட்டர் ஓடுதளத்தை 80 வினாடியில் ஒரு சுற்று சுற்றி, புறப்பட்ட இடத்துக்கே வந்து நின்றாள். அவளுடைய சராசரி வேகம் வினாடிக்கு 5 மீட்டர். அவளுடைய சராசரி திசைவேகம் சுழி.”

இப்போது கடைசி வரி “அவளுடைய சராசரி விரைவு சுழி” என்று ஆகியிருக்கிறது. வினாடிக்கு 5 மீட்டர் ஓடியவளுக்கு விரைவு எப்படிச் சுழியாகும் என்று எந்தப் பிள்ளையும் கேட்கும். புறப்பட்ட இடத்துக்கே திரும்பிவிட்டதால் இடப்பெயர்ச்சி சுழி, அதனால் திசைவேகமும் சுழி என்பதுதானே அந்தப் பாடமே.

இன்னொன்று. “பனிக்கட்டி உருகும்போது வெப்பநிலை மாறாது, ஆனால் வெப்பம் உள்ளே போய்க்கொண்டே இருக்கும்” என்று எழுதியிருந்தேன். திருத்தத்துக்குப் பிறகு: “பனிக்கட்டி கரையும்போது வெப்பம் மாறாது, ஆனால் சூடு உள்ளே போய்க்கொண்டே இருக்கும்.”

அவர் சொல்வதிலும் உண்மை இருக்கிறது. சத்தமாக வாசித்துப் பார்த்தேன், அந்த ஒன்றரைப் பக்கம் நிஜமாகவே வறட்டு வறட்டு என்று இருக்கிறது. ஒன்பதாம் வகுப்புப் பிள்ளை மூன்றாவது வரியிலேயே புத்தகத்தை மூடிவிடும். ஆகவே என் கேள்வி: எந்தச் சொல்லை மாற்றலாம், எதைத் தொடக் கூடாது என்று பிரிக்க ஏதாவது வழி இருக்கிறதா? மாற்றக் கூடாதென்றால், அலுப்பு இல்லாமல் எழுதுவது எப்படி? ஐயாவிடம் நான் எதை வைத்துப் பேசுவது?

பதில் 1: பழைய கரும்பலகை

வணக்கம்மா. 31 வருடம் அரசுப் பள்ளியில் இயற்பியல் எடுத்து ஓய்வு பெற்றவன். உங்கள் 400 மீட்டர் உதாரணம் அருமையாக இருக்கிறது, அதை விட்டுவிடாதீர்கள்.

நான் மாணவர்களுக்குச் சொல்லிக்கொடுத்த வழியைச் சொல்கிறேன். ஒரு சொல்லைத் தொடுவதற்கு முன் மூன்று கேள்வி கேளுங்கள். அதற்கு வரையறை இருக்கிறதா? அலகு இருக்கிறதா? சூத்திரத்தில் அதற்கென்று ஓர் எழுத்து இருக்கிறதா? ஒன்றுக்கு ஆமாம் என்றாலும் அந்தச் சொல்லில் கை வைக்காதீர்கள். விசைக்கு அலகு நியூட்டன். ஆற்றலுக்கு ஜூல். திறனுக்கு வாட். வலிமைக்கும் பலத்துக்கும் நம் பாடத்தில் அலகே கிடையாது. அப்படியானால் அந்த வரியைப் படிக்கிற பிள்ளை கணக்குப் போடும்போது எந்த அலகை எழுதும்? “ஆற்றல் 20” என்று படித்துவிட்டு ஜூல் என்று எழுதினால் தவறு பிள்ளையுடையது இல்லை.

ஆற்றலையும் திறனையும் பேச்சில் ஒன்றாகவே பயன்படுத்துகிறோம். 60 வாட் பல்பு எப்போதும் 60 வாட்தான், அது திறன். அதை ஒரு மணி நேரம் எரிய விட்டால் 2,16,000 ஜூல் செலவாகிறது, அது ஆற்றல். மின்கட்டண அட்டையில் ‘ஒரு யூனிட்’ என்று வருவது 36 லட்சம் ஜூல். பல்பின் மேல் அச்சிட்ட எண்ணும் அட்டையில் வரும் எண்ணும் வேறு என்பதைப் பிள்ளைக்குப் புரியவைக்க இந்த இரண்டு சொற்கள்தான் நமக்கு இருக்கின்றன. அவற்றைக் கலந்துவிட்டால் அப்புறம் எதை வைத்து விளக்குவது?

ஒரு சம்பவம் சொல்கிறேன். காலாண்டுத் தேர்வில் ஒரு பையன், நல்லாப் படிக்கிறவன், “நிறை 490 நியூட்டன்” என்று எழுதியிருந்தான். கூப்பிட்டுக் கேட்டேன். ஒரு கையேட்டை எடுத்துக் காட்டினான். அதில் ஒரே பத்தியில் நிறை, எடை, கனம் என்று மூன்றும் மாறி மாறி வந்திருந்தன. 50 கிலோகிராம் நிறை உள்ளவரின் எடை பூமியில் 490 நியூட்டன், நிலவில் ஏறத்தாழ 81 நியூட்டன். நிறை இரண்டு இடத்திலும் அதே 50 கிலோகிராம். அந்தப் பையனுக்கு இதை விளக்க எனக்கு ஒரு முழுப் பீரியட் ஆனது. அவனிடம் “நீ புத்தகத்தை நம்பினது தப்பு” என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. புத்தகத்தை நம்பத்தானே சொல்லிக்கொடுத்திருக்கிறோம்.

அடுத்து, அலுப்பு. இதற்கு ஒத்த பொருள் சொல் தேட வேண்டியதில்லை. தமிழில் எழுவாயை மறைத்து எழுதலாம், செயப்படுபொருளையும் மறைக்கலாம். அந்த வசதியைப் பயன்படுத்துங்கள். உங்கள் பக்கத்தில் இப்படி ஏதாவது இருக்கும் என்று நினைக்கிறேன்:

“வண்டியின் மீது விசை செயல்படுகிறது. விசை அதிகரித்தால் முடுக்கம் அதிகரிக்கும். விசை குறைந்தால் முடுக்கம் குறையும். விசை எதிர்த்திசையில் செயல்பட்டால் வண்டியின் வேகம் குறையும்.”

இதையே இப்படி எழுதிப் பாருங்கள்:

“வண்டியைத் தள்ளும் விசை கூடினால் முடுக்கமும் கூடும், குறைந்தால் முடுக்கமும் குறையும். அதுவே வண்டி போகும் திசைக்கு எதிராகச் செயல்பட்டால் வண்டி மெதுவாகும்.”

நான்கு விசை ஒன்றாகிவிட்டது. ஒரு கலைச்சொல்லும் மாறவில்லை. அதிகரிக்கும் என்பதைக் கூடும் என்று மாற்றினேன். உயரும், ஏறும் என்றும் எழுதலாம். வினைச்சொற்களில் உங்களுக்குத் தாராளமாக இடம் இருக்கிறது. பாடநூலிலிருந்து வேறாக எழுத வேண்டும் என்ற நிபந்தனைக்கும் இதுதான் வழி. உதாரணத்தை மாற்றுங்கள், வரிசையை மாற்றுங்கள், வாக்கியத்தை உடைத்துக் கட்டுங்கள். அவர்கள் பேருந்து என்றால் நீங்கள் தள்ளுவண்டி என்று எழுதுங்கள். பெயர்ச்சொற்களை மட்டும் விட்டுவிடுங்கள்.

சாதாரணச் சொல் போலத் தெரிகிற சில சொற்களிடமும் கவனம் வேண்டும். ‘சீரான’, ‘நிகர’, ‘சராசரி’, ‘நேர்விகிதத்தில்’ போன்றவை. ‘நேர்விகிதத்தில் அதிகரிக்கும்’ என்பதில் நேர்விகிதத்தை எடுத்துவிட்டால் ஒரு விதியே காணாமல் போய்விடும். விசை இரண்டு மடங்கானால் முடுக்கமும் சரியாக இரண்டு மடங்காகும் என்று அது சொல்கிறது. ‘அதற்கேற்ப அதிகரிக்கும்’ என்பது அதைச் சொல்லாது.

ஐயாவிடம் எப்படிப் பேசுவது என்று கேட்டீர்கள். எங்கள் பள்ளித் தமிழாசிரியர் ஒருவர் ஆசிரியர் அறையில் எனக்குச் சொன்னது இது. கூறியது கூறல் என்பது நன்னூல் சொல்லும் பத்துக் குற்றங்களில் ஒன்று, சரிதான். அதே பட்டியலில்தான் மாறுகொளக் கூறலும் இருக்கிறது, மயங்க வைத்தலும் இருக்கிறது. கூறியது கூறல் என்பது சொன்ன கருத்தையே திரும்பச் சொல்வது. விசை கூடினால் என்ன, குறைந்தால் என்ன என்று புதுப்புதுக் கருத்தைச் சொல்லும்போது ‘விசை’ என்ற சொல் திரும்ப வருவது அதில் சேராது. ஒரே பொருளுக்கு நாலு பெயர் வைத்துப் படிப்பவரைக் குழப்பினால், அது மயங்க வைத்தல். தமிழ் படித்த பெரியவரிடம் தமிழை வைத்தே பேசுங்கள், கட்டாயம் கேட்பார்.

பதில் 2: மானிப்பாய்

வணக்கம் சகோதரி. யாழ்ப்பாணத்தில் உயர்தரம் வரை தமிழில் படித்தவன், இப்போது டொரொண்டோவில் சனிக்கிழமைகளில் பிள்ளைகளுக்குக் கணிதமும் அறிவியலும் சொல்லிக்கொடுக்கிறேன். பழைய கரும்பலகை ஐயா சொன்னதெல்லாம் சரி. நான் ஒன்றைச் சேர்க்க வேண்டும், ஏனென்றால் இதனால் என் வகுப்பில் ஒரு மாதம் வீணாகியது.

நீங்கள் ‘சரியாக’ எழுதிய வரியே எனக்குப் பிழையாகத் தெரிகிறது. “சராசரி வேகம் வினாடிக்கு 5 மீட்டர்” என்று நீங்கள் எழுதியிருக்கிறீர்கள். இலங்கைப் பாடநூலில் வேகம் என்றாலே திசையோடு கூடியது. திசை இல்லாததற்கு எங்கள் சொல் கதி. ஆகவே நான் படித்த தமிழில் அந்த மாணவியின் சராசரிக் கதி வினாடிக்கு 5 மீட்டர், சராசரி வேகம் பூச்சியம். உங்களுக்கு வேகம் 5, எனக்கு வேகம் பூச்சியம். இரண்டும் சரி.

நிறை இன்னும் மோசம். உங்களுடைய நிறை எங்களுக்குத் திணிவு. உங்களுடைய எடை எங்களுக்கு நிறை. மேலே ஐயா குறிப்பிட்ட பையன் “நிறை 490 நியூட்டன்” என்று எழுதியதைப் படித்தபோது எனக்கு நெஞ்சு பதைத்தது. யாழ்ப்பாணத்தில் அதற்கு முழுப் புள்ளி கொடுத்திருப்போம். உங்களுடைய முடுக்கம் எங்களுக்கு ஆர்முடுகல். ஆற்றல் என்று நீங்கள் சொல்வது எங்களுக்குச் சக்தி, திறன் என்பது வலு, அழுத்தம் என்பது அமுக்கம். ஆகவே உங்கள் மெய்ப்பில் ஒரு வரியில் விசைக்குப் பதில் ‘சக்தி’ என்று போட்டிருந்தால், எங்கள் ஊர்ப் பிள்ளை அதை ஆற்றல் என்றுதான் படிக்கும், நியூட்டனை விட்டு ஜூலுக்குப் போய்விடும்.

எங்கள் பக்கம் கலைச்சொல் வேலை தனியாக வளர்ந்தது. 19ஆம் நூற்றாண்டிலேயே மானிப்பாயில் சாமுவேல் கிறீன் என்ற அமெரிக்க மருத்துவர் தமிழிலேயே மருத்துவம் கற்பித்தார், அதற்காகச் சொற்களைத் தேடித் தேடிச் சேர்த்தார். உங்கள் பக்கமும் அதேபோலத் தனியாக உழைத்திருக்கிறார்கள். எது சிறந்தது என்று சண்டை பிடிக்க நான் வரவில்லை. கிடைத்த சொல்லையெல்லாம் ஒரே பொருள் என்று நினைத்து ஒரே பத்தியில் போட வேண்டாம் என்பதுதான் என் வேண்டுகோள். இணையத்தில் இப்போது இரண்டு நாட்டுக் கட்டுரைகளும் கலந்துதான் கிடைக்கின்றன. ஒரு பத்தியை இங்கிருந்தும் ஒன்றை அங்கிருந்தும் எடுத்துச் சேர்த்தால், நடுவில் நிறை என்ற சொல் சத்தமில்லாமல் பொருள் மாறிவிடும்.

புத்தகத்தின் முதல் பக்கத்தில் ஒரு சின்ன அட்டவணை போடுங்கள். இந்தப் புத்தகத்தில் நிறை என்றால் கிலோகிராமில் அளப்பது, எடை என்றால் நியூட்டனில் அளப்பது. இவ்வளவு போதும். எங்கள் பிள்ளைகளும் வாங்கிப் படிப்பார்கள்.

பதில் 3: வேப்பம்பூ

நான் கொஞ்சம் மாற்றிச் சொல்கிறேன், கோபித்துக்கொள்ளாதீர்கள். என் மகள் ஒன்பதாம் வகுப்பு. ‘வெப்பம்’ என்று படித்தால் அவள் முகத்தில் ஒன்றும் தெரியாது. ‘சூடு’ என்றால் உடனே புரியும். அந்த மெய்ப்புப் பார்த்த ஐயா சூடு என்று எழுதியதில் எனக்குத் தப்பே தெரியவில்லை. எல்லாவற்றையும் கலைச்சொல்லாகவே எழுதினால் பிள்ளைகள் மனப்பாடம்தான் செய்வார்கள்.

பதில் 4: பழைய கரும்பலகை

நீங்கள் சொல்வது நியாயம்தான் அம்மா. சூட்டிலிருந்தே தொடங்கலாம், நானும் அப்படித்தான் தொடங்குவேன். ஒரு டம்ளர் கொதிநீர், ஓர் அண்டா கொதிநீர், எது அதிகச் சூடு என்று கேட்பேன். பாதிப் பேர் அண்டா என்பார்கள், பாதிப் பேர் இரண்டும் ஒன்று என்பார்கள். இரண்டு பக்கமும் விட்டுக்கொடுக்க மாட்டார்கள். அந்தச் சண்டை முற்றும்போதுதான் சொல்வேன்: நீங்கள் இரண்டு வேறு விஷயங்களை ஒரே சொல்லால் சொல்கிறீர்கள். தெர்மாமீட்டர் காட்டுவது வெப்பநிலை, அது இரண்டிலும் ஒன்று. அண்டாவில் வெப்பம் அதிகம், அதனால்தான் அதைக் கொதிக்க வைக்க விறகு அதிகம் செலவானது. அந்த நிமிடத்திலிருந்து கரும்பலகையில் சூடு என்ற சொல்லை எழுத மாட்டேன். வரையறைக்கு முன்னால் சூடு இருக்கட்டும், பின்னால் வேண்டாம்.

தேனிக்காரி அம்மா எழுதிய பனிக்கட்டி வரிக்கும் இதுதான். பூஜ்ஜியம் டிகிரியில் ஒரு கிராம் பனிக்கட்டி உருக ஏறத்தாழ 334 ஜூல் வெப்பம் உள்ளே போகிறது, தெர்மாமீட்டர் அசையாது. “வெப்பம் மாறாது, சூடு உள்ளே போகும்” என்றால் இந்த அதிசயம் போயே போய்விடும். இன்னொன்று, உருகுதல் வேறு, கரைதல் வேறு. பேச்சில் ஐஸ் கரைஞ்சிடுச்சு என்கிறோம். ஆனால் கரைய இன்னொரு பொருள் வேண்டும். சர்க்கரை தண்ணீரில் கரைகிறது. பனிக்கட்டி தனியாகவே உருகிவிடும். அடுத்த வருடம் வேதியியலில் கரைசல் பாடம் வரும்போது இந்தக் குழப்பம் திரும்பி வந்து நிற்கும்.

பதில் 5: நெல்வயல் ஆய்வாளர்

வேளாண் பூச்சியியலில் முனைவர் பட்டம் செய்கிறேன். ஆய்வேடு ஆங்கிலத்தில்தான், ஆனால் நோய் இதே நோய்தான், அதனால் எழுதுகிறேன்.

ஆய்வேட்டின் ஒரு அத்தியாயத்தை ஒப்புமை பார்க்கும் மென்பொருளில் போட்டபோது சதவீதம் அதிகமாக வந்தது. பயந்துபோய், சொற்களை மாற்றிக்கொடுக்கும் இணையக் கருவி ஒன்றில் அந்த அத்தியாயத்தைப் பத்தி பத்தியாக ஒட்டினேன். சதவீதம் இறங்கியது. திரும்பப் படிக்காமலே நெறியாளரிடம் கொடுத்துவிட்டேன். இரண்டு நாள் கழித்து அவர் கூப்பிட்டு ஒரு வரியைக் காட்டினார். பூச்சிகளின் ‘பாப்புலேஷன்’ என்று நான் எழுதியிருந்தது ‘இன்ஹாபிடன்ட்ஸ்’, அதாவது குடியிருப்போர், என்று மாறியிருந்தது. ‘சிக்னிஃபிகன்ட்’ என்பது எல்லா இடத்திலும் ‘இம்பார்ட்டன்ட்’ ஆகியிருந்தது. சிக்னிஃபிகன்ட் என்றால் எங்கள் துறையில் புள்ளியியல் சோதனை செய்து, கிடைத்த வேறுபாட்டைத் தற்செயல் என்று எளிதில் தள்ளிவிட முடியாது என்று காட்டுவது. முக்கியமானது என்று பொருள் இல்லை. நான் செய்யாத ஒரு உரிமைகோரலை அந்த அத்தியாயம் முழுக்கச் செய்திருந்தேன். நெறியாளர் திட்டவில்லை, “இதில் உன்னுடைய வாக்கியம் எது?” என்று மட்டும் கேட்டார். அன்று இரவு தூக்கம் வரவில்லை.

இது பெரிய அளவில் நடந்திருக்கிறது. 2021இல் கியோம் கபனாக், சிரில் லபே, அலெக்சாண்டர் மகஸினோவ் என்ற மூவர், அச்சேறிய ஆய்வுக் கட்டுரைகளில் இப்படிப்பட்ட தொடர்களைத் தேடிப் பிடித்தார்கள். ‘ப்ரெஸ்ட் கேன்சர்’ என்பது ‘பூசம் பெரில்’ ஆகியிருந்தது, நெஞ்சின் ஆபத்து என்பது போல. ‘ஆர்ட்டிஃபிஷியல் இன்டெலிஜென்ஸ்’ என்பது ‘கவுன்டர்ஃபீட் கான்ஷியஸ்னெஸ்’, கள்ள உணர்வு. ‘சிக்னல் டு நாய்ஸ்’, அதாவது வேண்டிய குறிகைக்கும் இரைச்சலுக்குமான விகிதம் என்பது, ‘ஃப்ளாக் டு கிளாமர்’, கொடிக்கும் கூச்சலுக்குமான விகிதம். சித்திரவதைக்கு உள்ளான தொடர்கள் என்று அவற்றுக்குப் பெயர் வைத்தார்கள். ஒவ்வொரு சொல்லாகப் பார்த்தால் அகராதியில் ஒத்த பொருள் இருக்கத்தான் செய்யும். ஆனால் கலைச்சொல் முழுத்தொடராக நின்றுதான் பொருள் தருகிறது, உடைத்தால் போய்விடும்.

அதன் பிறகு நான் செய்வது: மூலக் கட்டுரையைப் படித்து மூடி வைத்துவிடுகிறேன். ஒரு டீ குடித்துவிட்டு வந்து, புரிந்ததை அறைத்தோழனுக்குச் சொல்வதுபோல எழுதுகிறேன். கலைச்சொற்கள் அப்படியே வருகின்றன, வாக்கியம் தானாகவே வேறாக வருகிறது. யாரிடமிருந்து எடுத்தேன் என்பதையும் மறக்காமல் குறிப்பிடுகிறேன். சதவீதம் கொஞ்சம் மிச்சம் இருந்தால் இருக்கட்டும், கலைச்சொற்கள் எல்லோருக்கும் பொதுதானே என்று நெறியாளரே சொல்லிவிட்டார்.

பதில் 6: தேனிக்காரி

எல்லோருக்கும் நன்றி. இவ்வளவு பொறுமையாக எழுதுவீர்கள் என்று எதிர்பார்க்கவில்லை.

நேற்று மெய்ப்பை எடுத்துக்கொண்டு நேரிலேயே போனேன். வேறு எதுவும் சொல்லாமல் அந்த 400 மீட்டர் பத்தியை ஐயாவிடம் இரண்டு விதமாகவும் வாசித்துக் காட்டினேன். ‘விரைவு சுழி’ என்ற இடம் வந்ததும் அவரே கையை உயர்த்தி நிறுத்திவிட்டார். “ஓடினவளுக்கு எப்படிம்மா விரைவு இல்லாமல் போகும்?” என்றார். அப்புறம் திசைவேகம் என்ற சொல்லை இரண்டு மூன்று முறை சொல்லிப் பார்த்து, “திசையும் வேகமும் சேர்ந்தது, நல்ல சொல்தான்” என்றார். மயங்க வைத்தல் பற்றி நான் ஆரம்பித்ததுமே நன்னூல் பட்டியலில் மீதி எட்டுக் குற்றங்களையும் அவரே வரிசையாகச் சொல்லிவிட்டார்.

எட்டு இடங்களிலும் விசை திரும்பி வந்துவிட்டது. பழைய கரும்பலகை ஐயா சொன்னபடி உடைத்துக் கட்டியதில் 14 இப்போது 9. வேப்பம்பூ அக்கா சொன்ன சூடு, வெப்பப் பாடத்தின் முதல் பத்தியில் டம்ளர், அண்டாவோடு வருகிறது. மானிப்பாய் அண்ணா கேட்ட அட்டவணை முதல் பக்கத்தில் இருக்கிறது. கதி, திணிவு, ஆர்முடுகல் மூன்றையும் தனி நிரலில் சேர்த்திருக்கிறேன்.

ஒன்றை இங்கே சொல்லியே ஆக வேண்டும். உட்கார்ந்து பேசிக்கொண்டிருந்தபோது ஐயா 31ஆம் பக்கத்தைப் புரட்டி, “அப்படியானால் இதைப் பாரும்மா, முன்னால் எல்லாம் உராய்வு என்று எழுதிவிட்டு இங்கே மட்டும் தேய்மானம் என்று எழுதியிருக்கிறாயே, இரண்டும் ஒன்றா?” என்று கேட்டார். ஒன்றில்லை. உராய்வு ஒரு விசை, செருப்பின் அடி காலப்போக்கில் குறைவதுதான் தேய்மானம். அது என் கையால் வந்த பிழை, ஆறு முறை படித்தும் என் கண்ணில் படவில்லை. அவர்தான் பிடித்தார்.

கடைசியாக ஒன்று. வினாடி, நொடி இரண்டும் கலந்து வந்திருக்கின்றன. எதை வைக்கட்டும்?

பதில் 7: பழைய கரும்பலகை

வினாடி வையுங்கள் அம்மா. ‘ஒரு நொடி பொறு’ என்று பேச்சில் சொல்லும்போது யாரும் கடிகாரத்தைப் பார்ப்பதில்லை. பத்திகளை மட்டும் திருத்திவிட்டு நின்றுவிடாதீர்கள். படத்துக்கு அடியில் இருக்கும் குறிப்பு, வரைபடத்தின் அச்சில் எழுதியது, பாடத்தின் கடைசியில் உள்ள கணக்குகள் எல்லாவற்றையும் ஒரு தடவை பாருங்கள். பழைய சொல் அங்கேதான் தங்கிவிடும். புத்தகம் வந்ததும் சொல்லுங்கள், என் பேரனுக்கு ஒன்று வேண்டும்.